ஒரு கோல் எடுத்திருக்கலாம்

அக்கா,

பள்ளியின் ஆசிரியர் பதிவேடு இன்று காலை நிரம்பிவிட்டது. புதியதைத் திறப்பதற்கு முன் பழையதை ஒருமுறை புரட்டினேன். நடுப்பக்கம் ஒன்றில் தேநீர்க் கோப்பை வைத்த பழுப்பு வட்டம் இருந்தது. அதை ஒட்டி உங்கள் கையெழுத்து. மற்றவர்கள் எல்லாரும் கோட்டின்மேல் ஒழுங்காகப் போட்டிருக்கிறார்கள். உங்களுடையது மட்டும் கோட்டை விட்டு இறங்கி, அடுத்தவர் பெயரை இடித்துக்கொண்டு கிடக்கிறது. கிடக்காமல் என்ன செய்யும்? ஜன்னலைப் பார்த்துக்கொண்டு அல்லவா போட்டீர்கள்!

வகுப்புகள் நடந்துகொண்டிருந்தன. வாசலில் யாரோ ஒரு அப்பா காரைத் திருப்பத் தெரியாமல் எல்லாரிடமும் ஹார்ன் வாங்கிக்கொண்டிருந்தார். நான் அந்தப் பக்கத்தைத் திறந்து வைத்துக்கொண்டு தனியாகச் சிரித்தேன், பிறகு அழுகை வந்துவிட்டது. நீங்கள் போய் ஏழு மாதமாகிறது. உங்களிடம் சொல்ல வேண்டியது ஒன்று இருக்கிறது. நேரில் சொல்ல வழியில்லை என்பதால் எழுதுகிறேன்.

நாம் பழகியதே இந்த வாசலில்தான். மகளைத் தமிழ் வகுப்பில் விட்டுவிட்டு, காருக்குள்ளேயே உட்கார்ந்து லேப்டாப்பைத் தட்டிக்கொண்டிருப்பேன். நீங்கள் பள்ளியின் தலைவர். முதல் மணி நேரம் பாடம் எடுத்துவிட்டு இரண்டாவது மணி நேரம் சும்மா இருப்பவர். ஒருநாள் கண்ணாடியைத் தட்டினீர்கள். “இப்பிடியே காருக்குள்ள இருந்தா கால் வீங்கும். நான் டொக்டர், சொல்லுறன். இறங்கி வாரும், ஏரியைச் சுத்துவம்.”

அன்று தொடங்கி எத்தனை சனிக்கிழமை எலிசபெத் ஏரியைச் சுற்றியிருப்போம்! வாத்துகளின் எச்சத்தை மிதிக்காமல் பார்த்துப் பார்த்து நடப்போம். உங்கள் தோள்பையில் ஒரு பிளாஸ்க் இருக்கும். பால் ஊற்றியும் நிறம் மாறாத அந்தத் தேத்தண்ணியை முதல் தடவை குடித்த நாள் எனக்கு இரண்டு நாள் தூக்கம் வரவில்லை. “இது யாழ்ப்பாணத் தேத்தண்ணி இல்லை, டப்ளின் தேத்தண்ணி” என்றீர்கள். யாழ்ப்பாணத்தில் பிறந்து, டாக்டரானதும் டப்ளினில் நாலு வருஷம் வேலை பார்த்து, அதற்கப்புறம் கலிபோர்னியா வந்தவர் நீங்கள். அந்த நாலு வருஷம்தான் உங்களோடு கடைசி வரைக்கும் வந்தது. நான் மதுரைக்காரி, அயர்லாந்து என்றால் பச்சைச் சட்டையும் உருளைக்கிழங்கும் தவிர ஒன்றும் தெரியாது.

நீங்கள் குடியிருந்த வீட்டுக்காரம்மாவின் அப்பாவும் சித்தப்பாவும் சாகும்வரை பேசிக்கொள்ளவில்லை என்ற கதையை முதல் வாரமே சொன்னீர்கள். “ரெண்டு பேரும் ஒரே மாதா கோயிலுக்குத்தான் பூசைக்குப் போறவை. ஒருத்தர் முன்வாசலால வருவார், மற்றவர் பின்வாசலால போவார். அம்பது வருசம்!”

“எதுக்கு? சொத்துத் தகராறா?”

“இல்லையப்பா. ஒரு கையெழுத்து.”

பிறகு அந்தக் கையெழுத்தின் கதை. நூறு வருஷத்துக்கு முன்னால் ஐரிஷ்காரர்கள் பிரிட்டிஷ்காரனோடு சண்டை போட்டு, சண்டை நின்று, பேச்சு வார்த்தைக்கு லண்டனுக்கு ஆள் அனுப்புகிறார்கள். தலைவர் போகவில்லை, டப்ளினிலேயே இருந்துவிடுகிறார். கையெழுத்துப் போடுவதற்கு முன்னால் தன்னிடம் கேட்க வேண்டும் என்று மட்டும் சொல்லி அனுப்புகிறார். போனவர்களோ அங்கே இருந்த நெருக்கடியில், போடாவிட்டால் மறுபடியும் போர் என்ற மிரட்டலில், போட்டுவிடுகிறார்கள். கிடைத்தது முழுக் குடியரசு அல்ல, ராஜாவுக்குக் கீழே ஒரு சுயாட்சி. வடக்கில் ஆறு மாவட்டம் தனியே போகிறது. பாராளுமன்றத்தில் உட்காரும் ஒவ்வொருவரும் ஓர் உறுதிமொழி எடுக்க வேண்டும். முதலில் தங்கள் அரசியல் சட்டத்துக்கு, பிறகு ராஜாவுக்கு. அந்த வரிசையைச் சொல்லும்போது மட்டும் உங்கள் குரல் கொஞ்சம் இறங்கும். ஏழே வாக்கு வித்தியாசத்தில் ஒப்பந்தம் நிறைவேறியது, தலைவர் எழுந்து வெளியே போனார், அதன்பின் அண்ணன் தம்பிக்குள்ளேயே துப்பாக்கிச் சண்டை.

நான் சும்மா இருப்பேனா? “அக்கா, அது சரி. ஒரு போன் பண்ணியிருக்கக்கூடாதா? லண்டன்ல போன் இல்லியா?”

“இருந்தது. டப்ளினுக்கும் லைன் இருந்தது.”

“அப்புறம் என்னக்கா? அறிவு கெட்டவங்க! ஒரு போன் கால்ல முடிஞ்சிருக்க வேண்டியதுக்கு ஒரு உள்நாட்டுப் போரா?”

ஏரியை அடுத்த சுற்று சுற்றும்வரை அதையே சொல்லிக்கொண்டிருந்தேன். அடுத்த வாரமும் சொன்னேன். நீங்கள் சிரித்தீர்கள். “உமக்கு ஏரிக்கரையில நிண்டு சொல்ல லேசு” என்றீர்கள்.

ஏன் இந்த அயர்லாந்துப் பைத்தியம் என்று ஒருநாள் கேட்டேன். “எங்கட கதையைப் படிச்சா பிறஷர் ஏறுது. அவையின்ர கதையைப் படிச்சா விளங்குது” என்றீர்கள். பிளாஸ்க்கைத் திறந்து எனக்கு இன்னொரு கோப்பை ஊற்றினீர்கள்.

பள்ளியின் சேர்க்கைப் படிவத்தில் ‘பூர்வீக நாடு’ என்று ஒரு கட்டம் இருந்தது, நினைவிருக்கிறதா? இந்தியா, இலங்கை, மற்றவை. ஒன்றை மட்டும் டிக் செய்யவும். என் மகள் அதைப் பார்த்து, “அம்மா, ஐ வாஸ் பார்ன் இன் ஃப்ரீமான்ட். நான் மற்றவையா?” என்று கேட்டாள். உங்களிடம் வந்து புலம்பினேன். நீங்கள் பேனாவை எடுத்து அந்த ‘ஒன்றை மட்டும்’ என்பதை அடித்தீர்கள். “வட அயர்லாந்தில சமாதான ஒப்பந்தம் எழுதேக்க இதைத்தான் எழுதினவை. ஐரிஷ் எண்டும் சொல்லலாம், பிரிட்டிஷ் எண்டும் சொல்லலாம், ரெண்டும் எண்டும் சொல்லலாம். அது பிறந்த ஆளின்ர உரிமை. அதுக்கு எத்தினை உயிர் போச்சு! எங்களுக்கு ஒரு பேனையால ஏலுது, செய்வம்.”

“நீங்க எதை டிக் பண்ணுவீங்க அக்கா?”

“நான் எல்லாத்தையும். தேத்தண்ணிக்கு ஒண்டு கூட.”

பள்ளியின் சட்டவிதிகளை எழுதியதும் நீங்கள்தான், மூன்றே பக்கம். இந்தப் பள்ளியின் அதிகாரம் எல்லாம் பிள்ளைகளைப் பெற்றவர்களிடமிருந்து வருகிறது என்பது முதல் வரி. அது அயர்லாந்து அரசியல் சட்டத்தின் சாயல் என்று எனக்கு மட்டும் தெரியும். மற்ற பெற்றோர் அதைப் படிக்காமலே சரி என்றார்கள். சட்டவிதியை யார் படிக்கிறார்கள்? எல்லாருக்கும் வேண்டியது பொங்கல் விழாவுக்கு ஹால் கிடைத்ததா என்பதுதான்.

அப்புறம் அந்தப் பிரச்சினை வந்தது. நாம் முப்பது நாற்பது குடும்பம் சேர்ந்து நடத்தும் சின்னப் பள்ளி. நம் பிள்ளைகள் படிக்கும் தமிழுக்கு ஹைஸ்கூலில் மொழிப்பாடக் கிரெடிட் கிடைக்க வேண்டுமென்றால் பெரிய கூட்டமைப்பு ஒன்றின்கீழ் போக வேண்டும். அவர்களிடம் அங்கீகாரம் இருந்தது, இன்ஷூரன்ஸ் இருந்தது, பாடப்புத்தகம் இருந்தது. பதிலுக்குப் பள்ளிப் பெயருக்கு மேலே அவர்கள் பெயர், பாடத்திட்டம் அவர்களுடையது, ஆசிரியர்கள் ஒவ்வொருவரும் வருஷாவருஷம் கூட்டமைப்பின் விதிகளுக்கு உண்மையாக நடப்பதாக உறுதிமொழிக் கையெழுத்து. நீங்கள் அந்தக் கடைசி வரியைப் படித்துவிட்டுக் கண்ணாடியைக் கழற்றினீர்கள். நாம் இருவரும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டோம். இது எங்கேயோ கேட்ட கதை என்று இருவருக்குமே புரிந்தது.

பேச ஆள் அனுப்ப வேண்டும், கூட்டமைப்பின் ஆபீஸ் இருக்கும் சாக்ரமென்டோவுக்கு. நீங்கள் போகவில்லை. “நான் போனா சண்டை வரும். நீர் போம், உமக்கு வாய் இருக்கு” என்றீர்கள். கார் வரைக்கும் வந்து, “வையும், விடும், அது அங்க பாத்துச் செய்யும். ஆனா கையெழுத்து வைக்க முந்தி எனக்கு ஒரு கோல் எடும்” என்றீர்கள். போன் ‘கால்’ உங்கள் வாயில் எப்போதும் ‘கோல்’தான்.

“ஐயோ அக்கா, எனக்கா சொல்றீங்க!” என்று சிரித்துக்கொண்டே காரை எடுத்தேன்.

அன்று நடந்ததை உங்களிடம் ஒரு விதமாகச் சொன்னேன். உண்மையில் நடந்தது வேறு. இப்போது சொல்கிறேன்.

நான் நன்றாகத்தான் பேசினேன். பொங்கல் விழா நம்முடையது, முதல் மூன்று நிலைக்குப் பாடம் நம்முடையது, ஆசிரியரை நாமே வைத்துக்கொள்ளலாம் என்று ஒவ்வொன்றாக வாங்கினேன். உறுதிமொழியை எடுக்க முடியாது என்றார்கள். வரிசையையாவது மாற்றுங்கள் என்று கெஞ்சி, முதலில் நம் பள்ளியின் சட்டவிதிகளுக்கு, பிறகு கூட்டமைப்புக்கு என்று எழுத வைத்தேன். உங்களிடம் படித்த பாடம், அக்கா! உங்களிடம் காட்டப் போகிறோம் என்று எனக்கு அப்படி ஒரு பெருமை.

மாலை நாலரைக்கு அவர்கள் சொன்னார்கள், இன்று கையெழுத்தாகாவிட்டால் இந்த வருஷக் கிரெடிட் லிஸ்டில் நம் பள்ளி வராது என்று. யாரும் போர் வருமென்று மிரட்டவில்லை. மேசையில் காபி ஆறிக்கொண்டிருந்தது, அவ்வளவுதான். என் மகள் அப்போது பத்தாவது. அந்தக் கிரெடிட் அவளுக்கு வேண்டும். போனை எடுத்துக்கொண்டு வராந்தாவுக்குப் போனேன். உங்கள் வீட்டு நம்பர் வரை வந்தேன். வேண்டாம் என்று சொல்லிவிட்டால்? சொன்ன பிறகு எப்படிப் போடுவது? மடியில் கனம் இருந்தால்தானே வழியில் பயம். போனைப் பைக்குள் போட்டுவிட்டு உள்ளே போய்க் கையெழுத்துப் போட்டேன்.

அடுத்த நாள் உங்களிடம், போனில் சார்ஜ் இல்லை என்றேன். பொய். முக்கால்வாசி சார்ஜ் இருந்தது.

நீங்கள் ஒப்பந்தத்தை முழுவதும் படித்தீர்கள். அந்த வரிசை மாறிய இடத்தில் விரலை வைத்தீர்கள். “கெட்டிக்காரி” என்றீர்கள். பிறகு, “ஆனா நீர் கேக்கேல்லையே” என்றீர்கள். எனக்கு ரோஷம் வந்துவிட்டது. நாள் பூராவும் கத்திப் பேசி வாங்கிக்கொண்டு வந்தவளுக்கு இதுதானா என்று. வீட்டில் உட்கார்ந்திருந்தவர்களுக்குக் கேள்வி கேட்பது சுலபம் என்று சொல்லிவிட்டேன். சொல்லியிருக்கக் கூடாது.

பெற்றோர் கூட்டத்தில் வாக்கெடுப்பு. இரண்டே வாக்கில் ஒப்பந்தம் நிறைவேறியது. நீங்கள் எழுந்து, சாவிக்கொத்தை மேசையில் வைத்து, தலைவர் வேலையை விட்டீர்கள், அது என் தலையில் விழுந்தது. உறுதிமொழி போடாததால் பாடமும் எடுக்க முடியாமல் போயிற்று. சுட்டுக்கொள்ள நம்மிடம் துப்பாக்கி இல்லை, பள்ளிக்கூடத்தில் இரண்டு வாசல்தான் இருந்தது. பிள்ளைகளுக்கு வடையும் ஜூஸும் கொண்டுவரும் வேலையை எடுத்துக்கொண்டு நீங்கள் பின்வாசலால் வந்தீர்கள், நான் முன்வாசலால் போனேன். ஒன்றரை வருஷம்.

மௌரி அவென்யூ மளிகைக்கடையில் ஒருநாள் முருங்கைக்காய்க்கு இரண்டு பேரும் ஒரே நேரத்தில் கை நீட்டினோம். நீங்கள் நல்லதாகப் பார்த்து நாலு எடுத்து என் வண்டியில் போட்டுவிட்டுப் பேசாமல் போனீர்கள். வீட்டுக்கு வந்து சாம்பார் வைத்துக்கொண்டே அழுதேன். மகள் பார்த்துவிட்டு, “அம்மா, ஜஸ்ட் கால் ஹெர்!” என்றாள். ஊருக்கெல்லாம் ‘ஒரு போன் பண்ணக்கூடாதா’ என்று உபதேசம் செய்தவளுக்கு அப்போதும் போனை எடுக்கக் கை வரவில்லை.

அப்புறம் நீங்களே வந்தீர்கள். புதுப் பருவத்தின் முதல் சனிக்கிழமை. மூன்றாம் நிலைக்கு ஆசிரியர் கிடைக்காமல் நான் தலையைப் பிய்த்துக்கொண்டிருந்தேன். ஒரு கையில் தேத்தண்ணிக் கோப்பை, ஒரு கையில் கைப்பை. முன்வாசலால் வந்தீர்கள். மேசைமேல் உறுதிமொழி அச்சிட்ட ஆசிரியர் பதிவேடும், பக்கத்தில் கூட்டமைப்பின் விதிப்புத்தகமும் இருந்தன. நீங்கள் விதிப்புத்தகத்தை இரண்டு விரலால் தூக்கி, அறையின் அந்தக் கோடியில் இருந்த நாற்காலியில் வைத்து, அதன்மேல் உங்கள் கைப்பையையும் வைத்தீர்கள். திரும்பி வந்து, கோப்பையைப் பதிவேட்டின்மேல் உறுதிமொழி வாசகத்தை மறைத்து வைத்து, ஜன்னலைப் பார்த்துக்கொண்டே கையெழுத்துப் போட்டீர்கள்.

“நான் ஒரு சத்தியமும் செய்யேல்ல. பேர் எழுதினனான், அவ்வளவுதான். நீர் சாட்சி.”

எனக்கு உடனே விளங்கிவிட்டது. எழுந்து வெளியே போன அந்தத் தலைவர், சில வருஷம் கழித்துப் பாராளுமன்றத்துக்குள் வந்தபோது செய்த வேலை! பைபிளைத் தூக்கி அறையின் மறுகோடியில் வைத்துவிட்டு, உறுதிமொழியை மூடிக்கொண்டு, வெறும் பெயரைத்தான் எழுதினேன் என்று சொன்னாரே, அதை ஏரிக்கரையில் நீங்கள் நடித்தே காட்டியிருக்கிறீர்கள். நான் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தேன். நீங்களும் சிரித்தீர்கள். கோப்பை ஆடி, தேநீர் சிந்தி, அந்தப் பழுப்பு வட்டம் விழுந்தது. அறைக்கு வெளியே நின்ற பெற்றோருக்கு இரண்டு கிழவிகளுக்கும் என்ன ஆயிற்று என்று தெரியவில்லை.

உள்ளே வந்தவர் சும்மாவும் இருக்கவில்லை. அந்தத் தலைவரைப் போலவே, உள்ளே உட்கார்ந்துகொண்டு உறுதிமொழியைப் பெயர்த்தெடுக்கத் தொடங்கினீர்கள். கூட்டமைப்புக்கு மாதம் ஒரு கடிதம், அவ்வளவு மரியாதையான கடிதம், பதில் போடாமல் இருக்க முடியாத கடிதம். ஆஸ்பத்திரியில் கடைசி வாரம்கூட, “அந்த வரி போயிட்டுதோ?” என்று கேட்டீர்கள். அடுத்த மீட்டிங்கில் இருக்கிறது என்றேன். “எடுப்பினம். அவையும் மனிசர்தானே” என்று சொல்லிவிட்டுக் கண்ணை மூடிக்கொண்டீர்கள்.

எடுத்துவிட்டார்கள், அக்கா. புதுப்பித்த ஒப்பந்தம் போன வாரம் மெயிலில் வந்தது. உறுதிமொழி இல்லை. பள்ளிகள் தங்கள் சட்டவிதிப்படி தாங்களே நடத்திக்கொள்ளும் என்று ஒரே ஒரு வரி. இப்போது சாக்ரமென்டோவும் போக வேண்டாம், லிங்க்கை அழுத்தி விரலால் கிறுக்கினால் முடிந்தது. நானே தலைவர், எனக்கே அதிகாரம். யாரும் மறுக்கப்போவதில்லை என்றும் தெரியும்.

நான் அழுத்தவில்லை. குடும்பம் குடும்பமாகப் போன் செய்தேன். மூன்று சாயங்காலம் ஆயிற்று. புதிதாகச் சேர்ந்த ஓர் அப்பா ஃப்ரீவேயில் ஓட்டிக்கொண்டே, “ஆன்ட்டி, இதுக்கெல்லாமா கால் பண்ணுவீங்க? குரூப்ல போட்டா தம்ஸ் அப் போட்டுடுவோமே” என்றார். “இல்லப்பா, நீ வாயால சொல்லணும். காரை ஓரமா நிறுத்திட்டே சொல்லு” என்றேன். சொன்னார்.

கடைசியாக உங்கள் வீட்டு நம்பர். உங்களுக்குக் கணவர், எனக்கு அண்ணா, இன்னும் நம் உறுப்பினர்தானே. நேற்று மத்தியானம் அவர்தான் எடுத்தார். விஷயத்தைச் சொல்லி, “உங்க சம்மதம் வேணும் அண்ணா” என்றேன்.

“இப்பதான் இந்த வீட்டுக்குக் கோல் வருது, என்ன தங்கச்சி?” என்றார். குரலில் கோபம் இல்லை. “உமக்குத் தெரியுமோ, நீர் சாக்ரமென்டோ போன அண்டைக்கு அவா இந்தப் போனுக்குப் பக்கத்திலயே கதிரையைப் போட்டுக்கொண்டு இருந்தவா. சாப்பிடக்கூட எழும்பேல்ல. என்ன சொல்லப்போறீர் எண்டு கேட்டனான். ‘ஓம் எண்டுதான் சொல்லப்போறன். பிள்ளையளுக்கு அது தேவை. ஆனா அவள் கேக்கவேணுமல்லோ’ எண்டவா.”

ஓம் என்று சொல்வதற்காக அந்த நாள் பூராவும் காத்திருந்தீர்களா, அக்கா? நான் வராந்தாவில் உங்கள் நம்பரைப் பார்த்துக்கொண்டு நின்ற நேரத்தில் நீங்கள் அந்தப் பக்கம் கையை நீட்டினால் எட்டும் தூரத்தில் உட்கார்ந்திருந்தீர்களா? ஒன்றரை வருஷத்து முன்வாசலும் பின்வாசலும் என் கண்முன் வந்தன. என்னை மன்னித்துவிட்டீர்கள் என்று தெரியும். தேநீர் வட்டமே சாட்சி. ஆனால் சார்ஜ் இல்லை என்ற பொய்யை நம்பினீர்களா, நம்பாமலே விட்டுவிட்டீர்களா என்று தெரியாமல் போய்விட்டதே.

மூக்கைத் துடைத்துக்கொண்டு மறுபடி கேட்டேன். “அப்ப, கையெழுத்துப் போடவா அண்ணா?”

“அவாவின்ர கதிரையிலதான் இருக்கிறன்” என்றார். “ஓம். வையும்.”

போட்டேன், அக்கா. கேட்டுவிட்டுத்தான் போட்டேன்.